கல் விழுந்ததற்கு விளக்கம்

— ‘கல் விழுந்தது புவியீர்ப்பால்’னு எழுதிக் கையெழுத்துப் போடுங்க, நாகஜோதி டீச்சர். சாயந்தரம் ஆர்.டி.ஓ. விசாரணை. பிசிக்ஸ் டீச்சர் சொன்னா எடுபடும்.

— அப்ப கொத்தனாரு முத்தப்பனக் கொன்னது பூமிங்கிறீக.

— நானா சொல்றேன்? நீங்க எழுதி, நான் கிரானைட்டுல வெட்டி, பள்ளிக்கூடத்துக்கு விட்ட எங்க பழைய வீட்டு அறிவியல் கூடத்துல மாட்டுன புவியீர்ப்பு வரலாறு, அவன் மேல விழுந்த அந்தக் கல்லே சொல்லுது. முதல் வரி என்ன?

— கல்லுக்குச் சொந்த இடம் மண்ணு, அதத் தேடித்தான் கீழ வருதுன்னு அரிஸ்டாட்டில் சொன்னாரு.

— பாத்தீகளா, கல்லு தன் ஆசைக்கு வந்திருக்கு. திறப்பு விழா மாலையத் தூக்கிக்கிட்டு அவன் குறுக்க நின்னா நான் என்ன செய்ய?

— அது தப்புன்னு அடுத்த வரியிலயே இருக்கு, தாளாளரய்யா. கனமானது வெரசா விழும்னாரே, அதையும் கலிலியோ ஒடைச்சாரு. காத்து தடுக்கலைன்னா கூழாங்கல்லும் உங்க நூறு கிலோக் கல்லும் ஒண்ணாத்தான் விழும்.

— அப்பக் கனமான கல்லுன்னு எவனும் குத்தஞ்சொல்ல முடியாது. மேல சொல்லுங்க.

— பூமி கல்ல இழுக்குது, கல்லும் பூமிய இழுக்குது. நிலாவச் சுத்த விடுறதும் அதே இழுப்புத்தான்னு நியூட்டன்.

— ரெண்டு பக்கமும் தப்பு இருக்கு. சமாதானமாப் போயிறலாம்.

— இழுப்புன்னே ஒண்ணு இல்ல, பொருளு இருக்கிற எடத்துல வெளியும் காலமும் வளையுது, அந்த வளைவுல கல்லு தன்னால போகுதுன்னாரு ஐன்ஸ்டீன்.

— அதப் போடுங்க. இழுக்கவும் ஆளில்ல, தள்ளவும் ஆளில்ல. பெரிய மனுசன் பேச்சே தனி.

— நாலு பேரும் கல்லு எப்படி விழும்னுதான் சொன்னாக. போல்ட்டு வேணாம், பசை போட்டு ஒட்டுன்னு சொன்னது யாருன்னு சொல்லல.

— பாட்டையா முட்டை வெள்ளைக்கரு பூசி வழவழன்னு வச்ச செவுரு. நூறு வருசமா ஒரு ஆணி எறங்கல. நான் ஓட்ட போடவா?

— செவுத்துல ஒரு கீறல் இல்ல. ஆளுதான் இல்ல.

— அளந்து பேசுங்க. பதினோரு வருசமா டெம்பரவரியா இருக்கீக, நிரந்தர ஆர்டரு என் மேசையிலதான் கெடக்கு. பசை நிக்காதுன்னு அவன் ஒரு வார்த்த சொல்லியிருந்தா, கல்லத் தரையிலயே சாத்தி வச்சிருப்பேன். கொத்தனாருக்குத் தெரியாதா?

— தெரியும். சொன்னாரு.

— யாருகிட்ட?

— எங்கிட்ட. ‘எனக்குப் பயமா இருக்கு டீச்சர், நீங்க சொன்னா கேப்பாக’ன்னாரு. ஆர்டரு கைக்கு வந்ததும் சொல்லலாம்னு இருந்தேன்.