ரீவீயில் தெரியாத மாப்பிள்ளை

அக்கராயனிலிருந்து கிளிநொச்சி போகும் பஸ்ஸில் எனக்கு முன்னால் இரண்டு பெண்கள். ஒருவர் மகனுக்குக் கல்யாணம் பேசிக்கொண்டிருக்கும் தாய்.

"என்ர மகன் ஆறு வருசமா ரீவீயில முயல்," என்றார்.

"விளங்கேல்லை அக்கா."

"சின்னப்பிள்ளையளின்ர நிகழ்ச்சி. மேசைக்குக் கீழ ஒளிச்சிருந்து முயல் பொம்மையை ஆட்டி, அதுக்காகக் கதைக்கிறவன். ஆளைத் தெரியக் கூடாது."

"அப்ப கலியாணம் ஏன் இழுபடுது?"

"சாதகம் பொருந்தீட்டுது. ரீவீயில ஆளைக் காணேல்லையே எண்டு பொம்பிளை வீட்டாருக்குச் சந்தேகம். நான்தான், ஒருக்கா எழும்பி முகத்தைக் காட்டடா எண்டு சொன்னனான்."

"காட்டினவரோ?"

"ஓம். நேரடி ஒளிபரப்பில எழும்பி வணக்கமும் சொன்னவன். அண்டைக்கே வேலையால நிப்பாட்டிப் போட்டாங்கள்."

"ஐயோ! பொம்பிளை வீட்டார் பார்த்தவையோ?"

"குடும்பமா இருந்து பார்த்தவை. ஆளை நல்லாப் பிடிச்சிட்டுதாம். இப்ப என்ன வேலை செய்யிறார் எண்டு கேட்கினம்."