குறைக்கக் கூடாத குரல்கள்

என் பேச்சின் நீளம் தெரிந்து, கைக்கடிகாரத்தை இப்போதே கழற்றி மேசைமேல் வைத்துவிட்ட தலைவர் அவர்களே! ஆன்ற பெரியோரே! கல்லுடைக்கும் கிரஷர் ஆலைத் தெருவிலிருந்து அரைநாள் வேலையை விட்டுவிட்டு வந்திருக்கும் தாய்மார்களே! அந்த ஆலைக்கு மீண்டும் உரிமம் தருவதா என்று திங்கட்கிழமை முடிவெடுக்கப்போகும் அதிகாரி அவர்களே!

நான் படம் எடுத்தவன் அல்லன். படத்துக்கு ஒலி சேர்த்தவன். இன்று நீங்கள் பார்க்கப்போகும் படத்தில் நாயகன் இல்லை, நாயகி இல்லை, பாட்டும் இல்லை. பதினொரு நிமிடமும் ஒரே மலை. பாதி தின்னப்பட்ட மலை! கேமராவும் அசையாது, மலையும் அசையாது. என்ன தம்பி, அதற்குள் எழுந்துவிட்டீர்கள்? உட்காருங்கள், கதவைப் பூட்டியாயிற்று!

மலையைக் காட்டிய இயக்குநர் அம்மையார் மலையின் ஓசையையா வைத்தார்? இல்லை. அடிவாரத்து வீடுகளுக்குள் மைக்கை வைத்தார். கண்ணுக்கு மலை, காதுக்கு மனை! வெளியே கல் நொறுங்குகிறதே, உள்ளே என்ன நொறுங்குகிறது என்று கேட்டார்.

ஆலைக்கு விடுமுறை நாளில் எடுத்த பதிவு என்னிடம் வந்தது. கேட்டால், வீடு முழுக்கக் கத்தல். தண்ணீர் கேட்டாலும் கத்தல், குழந்தையிடமும் கத்தல். இந்தத் தொழிலில் நான் பழம் தின்று கொட்டை போட்டவன் அல்லவா? எல்லாக் குரலையும் பஞ்சுபோலக் குறைத்துவிட்டேன்.

இயக்குநர் கேட்டுவிட்டு முகத்தைச் சுருக்கினார்.

"ஏண்ணே குறைச்சீங்க?"

"ஒரே சண்டையா இருக்கு மேடம். ஜனங்க காதைப் பொத்திக்குவாங்க."

"சண்டையா? அண்ணே, அந்தப் பொண்ணு பிள்ளையைக் கொஞ்சிக்கிட்டிருக்கா!"

மறுபடி கேட்டேன். 'என் கண்ணே, என் தங்கமே' என்று தொண்டை கிழியக் கொஞ்சுகிறாள் ஒரு தாய்! கூனிக் குறுகிப்போனேன்.

"அன்னிக்கு மிஷின் ஓடலையே மேடம்?"

"மிஷினை நிறுத்தலாம்ணே. அந்தச் சத்தத்துக்கு மேல கத்திப் பேசின பன்னிரண்டு வருஷப் பழக்கத்தை எந்த சுவிட்சுல நிறுத்துவீங்க?"

அதிகாரி அவர்களே! நீங்களும் சத்தம் அளக்கும் கருவியோடு அங்கே போனீர்கள். எந்த நாளில்? அதே விடுமுறை நாளில்! 'அமைதியான பகுதி' என்று எழுதினீர்கள். நான் பழிக்கவில்லை. நீங்கள் தாளில் குறைத்தீர்கள். நான் கருவியில் குறைத்தேன். தாலாட்டைக்கூடத் தாழ்ந்த குரலில் பாட முடியாத தெரு, அமைதியான தெருவா? கொஞ்சலும் கூச்சலாகிப்போன வீடு, குறையில்லாத வீடா?

அந்தத் தாய் மூன்றாம் வரிசையில் இருக்கிறார். சற்றுமுன் வாசலில் இயக்குநர் என்னை அறிமுகம் செய்ததும், "நல்லா இருக்கீங்களாண்ணே!" என்றார். மண்டபமே திரும்பிப் பார்த்தது. சிலர் முகம் சுளித்தார்கள். அவர் சட்டென்று வாயைப் பொத்திக்கொண்டார். நானோ பதில் சொல்லாமல், வெறுமனே தலையாட்டிவிட்டு உள்ளே வந்துவிட்டேன். வெட்கமாக இருக்கிறது, அவையோரே!

தலைவர் மன்னிக்க வேண்டும், உங்கள் காது வலிக்கக் கூடாது, இந்த மைக்கைச் சற்றுத் தள்ளி வைக்கிறேன்.

தங்கச்சி! நான் நல்லா இருக்கேம்மா! நீங்க நல்லா இருக்கணும்! நன்றி! வணக்கம்!