குளித்துவிட்டுத்தான் இறங்க வேண்டும்

சன்ஸ்கிரீன் குழாயின் பின்பக்கத்தில் அதில் என்னென்ன கலந்திருக்கிறது என்று பொடி எழுத்தில் போட்டிருப்பார்கள், அரசு வக்கீலம்மா. வாங்குகிறவர்கள் யாரும் படிப்பதில்லை. நான் படிப்பேன். ஜனங்கள் மறந்து விட்டுப்போன குழாய்களைப் பொறுக்கிக் குப்பையில் போடுவதற்கு முன், ஒரு தடவை முழுக்கப் படித்துவிட்டுத்தான் போடுவேன். எதையும் தெரிந்து செய்ய வேண்டும் என்பது என் சுபாவம்.

என் பெயர் பிளாசிதோ ட்ஸுல். யாஷ்காப் செனோட்டேயில் பதினான்கு வருஷமாக ஷவர்காரன். டிக்கெட் கிழிப்பதும் லைஃப் ஜாக்கெட் கொடுப்பதும் நான்தான் என்றாலும், யாராவது வேலையைக் கேட்டால் ஷவர் என்றுதான் சொல்வேன். பாறை உள்வாங்கி உண்டான குளம் அது, அறுபது படிக்குக் கீழே பச்சைத் தண்ணீர் நிற்கிறது. அதில் இறங்க மூன்றே விதிகள். முதலில் மூன்று நிமிடம் ஷவரில் நிற்க வேண்டும். சோப்புப் போடக் கூடாது. லைஃப் ஜாக்கெட் மாட்டாமல் இறங்கக் கூடாது. குழந்தைகள் ஒரு தடவை சொன்னால் கேட்டுக்கொள்வார்கள். பெரியவர்களுக்குத்தான் விசில் ஊத வேண்டியிருக்கிறது.

அந்தத் தண்ணீரின் டிக்கெட் காசை நம்பி எங்கள் ஊரில் நாற்பத்திரண்டு வீடுகள் இருக்கின்றன. வருஷத்துக்கு ஒரு தடவை, மழைக்கு முன்னால், மெரிதாவிலிருந்து பரிசோதனைக்காரர்கள் வந்து பாட்டிலில் தண்ணீர் பிடித்துக்கொண்டு போவார்கள். போன வருஷம் அவர்கள் அனுப்பிய காகிதத்தில், 'எண்ணெய்ப் படலம் காணப்பட்டது, மறுமுறையும் காணப்பட்டால் மூடப்படும்' என்று இருந்தது. கிராம சபைத் தலைவர் அதை எல்லார் முன்னிலையிலும் வாசித்துவிட்டு என்னைப் பார்த்தார். நாற்பத்திரண்டு வீட்டுக்காரர்களும் பார்த்தார்கள். எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை.

எண்ணெய் எங்கிருந்து வருகிறது என்று நான் யோசிக்க வேண்டிய அவசியமே இருக்கவில்லை. தினம் ரெண்டு மணிக்குப் பஸ்ஸில் வந்து இறங்கியது.

சுற்றுலாக்காரர்கள் காலையில் கான்குனில் ஏறுவார்கள். மதியம்வரை பழங்காலக் கோயில் இடிபாடுகளில் அலைவார்கள். பிரமிடு நிழல் தருகிற கட்டடம் இல்லை, ஆகவே ஒவ்வொரு படிக்கும் ஒரு பூச்சு பூசிக்கொள்வார்கள். வழியில் கொச்சினீத்தா பன்றிக்கறி சாப்பிட்டுவிட்டு எங்களிடம் வரும்போது, நாற்பது பேரும் எண்ணெய்ச் சட்டியிலிருந்து எடுத்த பனூச்சோ அடை மாதிரிப் பளபளப்பார்கள். அவர்களை நான் குறை சொல்லவில்லை. விசில் ஊதினால் ஷவருக்குப் போய்விடுவார்கள். ஷவருக்குப் போகாதவர் ஒருவர்தான், அவர்களை அழைத்து வந்த வழிகாட்டி நசாரியோ போட்.

அவர் எனக்கு அந்நியர் இல்லை. என் மகள் லிஹியாவுக்கு ஞானத்தகப்பன். அந்த முறையில் அவர் எனக்குக் கொம்பாத்ரே, நான் அவருக்குக் கொம்பாத்ரே. எங்கள் பக்கம் அந்த உறவு கூடப்பிறந்தவனைவிட ஒரு பிடி அதிகம். கொம்பாத்ரேக்களுக்குள் ஒருமையில் பேசும் வழக்கம் கிடையாது. சண்டையே வந்தாலும் 'நீங்க'தான். கடைசி நிமிடம்வரை நான் அந்த மரியாதையில் குறை வைக்கவில்லை என்பதை எழுதிக்கொள்ளுங்கள்.

அவர் செய்தது இதுதான். இடிபாடுகளில் நிற்கும்போதே ஒரு கதையை அவிழ்த்துவிடுவார். அந்தக் காலத்தில் மழைக் கடவுளுக்குப் பலியிட ஓர் ஆளைத் தேர்ந்தெடுத்து, உடம்பெல்லாம் எண்ணெய் பூசி, செனோட்டேக்குள் தள்ளுவார்களாம். அத்தனையும் புளுகு. எங்கள் தண்ணீரில் யாரையும் யாரும் பலி கொடுத்ததில்லை. ஆராய்ச்சிக்காரர்கள் முங்கித் தேடியபோது நாலு பானையும் ஒரு சைக்கிளும்தான் கிடைத்தன. ஜனங்களுக்குப் பானையில் சுவாரசியம் இல்லை. ஆகவே இவர் எங்களிடம் வந்ததும் சட்டையைக் கழற்றி, அரை பாட்டில் தேங்காய் எண்ணெயை மேலே ஊற்றித் தேய்த்துக்கொண்டு, பாறை விளிம்பில் கையை விரித்து நின்று, தலைகீழாகப் பாய்வார். கைதட்டுவார்கள், வீடியோ எடுப்பார்கள். ஷவரும் இல்லை, லைஃப் ஜாக்கெட்டும் இல்லை. நான் விசில் ஊதுவேன். அதையும் காட்சியின் பகுதி என்று நினைத்து அவர்கள் இன்னும் பலமாகக் கைதட்டுவார்கள்.

சாயங்காலம் எல்லாரும் போனபிறகு கீழே கடைசிப் படிக்குப் பக்கத்தில் தண்ணீர்மேல் வானவில் நிறத்தில் படலம் மிதக்கும். முதலில் உள்ளங்கை அகலம்தான் இருந்தது. பிறகு தட்டு அகலம் ஆனது.

ஒரு நாள் அவரைக் கீழே அழைத்துக்கொண்டு போய்க் காட்டினேன்.

"கொம்பாத்ரே, ஒரு வார்த்தை சொல்லலாமா?"

"ஒண்ணென்ன, ஒம்பது சொல்லுங்க."

"எண்ணெய் மட்டும் வேண்டாமே. பாருங்க, எப்படிப் படிஞ்சு கெடக்குன்னு."

அவர் குந்தி உட்கார்ந்து, விரலால் தொட்டு, மூக்கருகே கொண்டுபோனார். "இது தேங்காய் வாசம் இல்லையே, கொம்பாத்ரே."

அவருக்கு ஜலதோஷம் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். மறுநாளும் எண்ணெயோடுதான் பாய்ந்தார். தலைவரிடம் சொன்னேன். "ஒரு போர்டு வைங்க பிளாசிதோ, ஏன் சும்மா மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்கிட்டுத் திரியறீங்க" என்றார். நானே பெயின்ட் வாங்கி, மூன்று மொழியில் எழுதி வைத்தேன். நசாரியோ அதில் சட்டையை மாட்டினார். அதுவரை சட்டை மாட்ட இடமில்லாமல் கஷ்டப்பட்டதாக நன்றியும் சொன்னார்.

இதெல்லாம் பொறுத்துக்கொள்ளக்கூடியதுதான். பொறுக்க முடியாதது ஒன்று நடந்தது. மார்ச் மாதம், பஸ் நிறைய ஆள். நான் அவர்களை வரிசையாக ஷவரில் நிறுத்தியிருந்தேன். அவர் எண்ணெயைத் தேய்த்துக்கொண்டே எல்லார் காதிலும் விழும்படி கேட்டார்.

"கொம்பாத்ரே, இவங்க மேல ஊத்தின தண்ணி எங்க போகுது?"

"பாறைக்குள்ள போகுது."

"நம்ம பாறை எப்படிப்பட்டது?"

"ஓட்டைப் பாறை."

"ஓட்டை வழியா இறங்கி எங்க போய்ச் சேரும்?"

வரிசையில் நின்றவர்கள் எல்லாரும் தலையைச் சாய்த்துக் கீழே தண்ணீரைப் பார்த்தார்கள்.

"அப்ப நீங்க எண்ணெயை இருவதடி தள்ளி ஊத்துறீங்க, நான் நேராவே ஊத்துறேன். அவ்வளவுதானே வித்தியாசம்? கோவிச்சுக்காதீங்க."

எல்லாரும் சிரித்தார்கள். புவேப்லாவிலிருந்து வந்த ஓய்வுபெற்ற இஞ்சினியர் ஒருவர், தலையில் துண்டோடு, "அவர் சொல்றது சரிதானே" என்றார். பிறகு ஷவரை விட்டு வெளியே வந்தார். அவர் பின்னால் மற்றவர்களும் வந்தார்கள். அன்று நான் விசில் ஊதவில்லை. பதினான்கு வருஷத்தில் அதுதான் முதல் தடவை.

அவர் சொன்னதில் தப்பு இருந்தால் எனக்குக் கோபம் வந்திருக்காது, வக்கீலம்மா. ராத்திரி சோற்றுத் தட்டை அப்படியே தள்ளி வைத்துவிட்டேன். என் மனைவி ஏதி, "என்னதான் ஆச்சு உங்களுக்கு, யாரைப் பறிகொடுத்தீங்க?" என்று கேட்டாள். இன்னும் இல்லை என்று சொன்னேன். அந்தப் பதிலை நீங்கள் பெரிதாக எடுத்துக்கொள்கிறீர்கள். நான் அப்போது எதுவும் முடிவு செய்திருக்கவில்லை.

பரிசோதனைக்காரர்கள் செவ்வாய்க்கிழமை காலை எட்டு மணிக்கு வருவதாகத் தகவல் வந்தது. திங்கட்கிழமை எங்களுக்கு விடுமுறை, பஸ் கிடையாது. படியெல்லாம் பெருக்கி, தண்ணீர்மேல் இருந்த இலைகளை வலையால் எடுத்துவிட்டு, ஷவருக்குத் தண்ணீர் ஏற்றுகிற மோட்டாரைத் துடைத்துவைத்தேன். மாலை நாலு மணி இருக்கும், நசாரியோ தனியாக வந்தார். கையில் எண்ணெய் பாட்டில். புனித வாரக் கூட்டத்துக்காக நடுவானில் ஒரு குட்டிக்கரணம் சேர்க்கப் போகிறாராம், ஒத்திகை பார்க்க வேண்டுமாம். வழியிலேயே பூசிக்கொண்டு வந்திருந்தார்.

"கொம்பாத்ரே, நாளைக்கு பாட்டில்காரங்க வர்றாங்க" என்றேன்.

அவர் என் முகத்தைப் பார்த்தார். அவர் மோசமான மனிதர் இல்லை. "சரி, உங்க மொகத்தைப் பார்த்தா எனக்கே பாவமா இருக்கு. உங்களுக்காக இன்னைக்கு ஒரு நாள் குளிச்சிடறேன். மோட்டாரைப் போடுங்க."

"இப்பத்தான் தொடைச்சு வெச்சேன். தொட்டியில மொண்டு ஊத்திடறேன்."

ஷவருக்குப் பக்கத்தில் சிமென்ட் தொட்டி இருக்கிறது, இடுப்பளவு. அவர் விளிம்பைப் பிடித்துக்கொண்டு குனிந்தார். "லிஹியா தலையில பாதிரியார் தண்ணி ஊத்தினப்ப நான் புடிச்சிட்டிருந்தேன். இப்ப நீங்க என்னைப் புடிங்க" என்று சிரித்தார்.

'இன்னைக்கு ஒரு நாள்' என்று சொன்னார் பாருங்கள், அதுதான் என்னை உறுத்தியது. மறுநாள் ரெண்டு மணிக்கே மறுபடி எண்ணெயோடு வருவார். ஒரு நாளைக்கு மட்டும் கடைப்பிடிப்பதற்குப் பெயர் விதி இல்லை. அவர் ஏற்கெனவே குனிந்திருந்தார். வேறொரு நாள் அவர் அப்படி ஒத்துழைப்பார் என்று எனக்கு நம்பிக்கை இல்லை.

மூன்று நிமிடம் தலையைத் தண்ணீருக்குள் பிடித்திருந்தேன். விதியில் உள்ளது அவ்வளவுதான், கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டேன். எண்ணெய் அதிகம் என்பதால் மேற்கொண்டு ஒரு நிமிடம். அப்போது நான் என்ன சொன்னேன் என்றும் கேட்டீர்கள் அல்லவா, சொல்கிறேன். "கொஞ்சம் பொறுத்துக்குங்க கொம்பாத்ரே, ஆயிடுச்சு" என்றேன். அவரும் ஏதோ சொன்னார், புரியவில்லை. என்ன சொல்லியிருந்தாலும் மரியாதையாகத்தான் சொல்லியிருப்பார்.

அதன்பிறகு அவரைக் கிடத்தி, கற்றாழை நார் போட்டுத் தேய்த்தேன். சோப்புப் போடவில்லை. முதுகு, அக்குள், காதுக்குப் பின்னால், கால் விரலிடுக்கு, எல்லா இடமும். ஒன்றரை மணி நேரம் ஆனது. அவ்வளவு சுத்தமாக அந்த மனிதரை நான் பார்த்ததே இல்லை. பிறகு தூக்கிக்கொண்டு அறுபது படி இறங்கித் தண்ணீரில் விட்டேன். ஏன் விட்டேன் என்கிறீர்கள். அவர் குளத்தில் இறங்கத்தானே வந்தார். குளிக்கச் சொல்லிவிட்டு, குளித்தபிறகு இறங்கவிடாமல் இருந்தால் அது என்ன நியாயம்?

உங்கள் ஆட்கள் எல்லாரும் என்னைக் கேட்டுச் சிரித்தது லைஃப் ஜாக்கெட்டைப் பற்றித்தான். அது இல்லாமல் விட்டிருந்தால் நாற்பது மீட்டர் ஆழம், யாருக்கும் தெரிந்திருக்காது என்று அந்தச் சின்ன இன்ஸ்பெக்டர் எனக்குப் புத்தி சொன்னார். எனக்கும் தெரியும். கையில் ஜாக்கெட்டை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்று யோசித்தேன். ஆனால் சொந்தக்காரர் என்பதற்காக ஒருவருக்கு விலக்குக் கொடுத்தால், அப்புறம் எந்த முகத்தோடு மற்றவர்களுக்கு விசில் ஊதுவது? மூன்று கொக்கியையும் மாட்டித்தான் விட்டேன். காலையில் பரிசோதனைக்காரர்கள் வந்தபோது நடுவில் மிதந்துகொண்டிருந்தார். அவர்கள் கூச்சல் போட்டுவிட்டு, பிறகு ஓரத்தில் பாட்டிலில் தண்ணீர் பிடித்துக்கொண்டார்கள்.

வருத்தம் இருக்கிறதா என்றால், இருக்கிறது. அடுத்த மாதம் லிஹியாவுக்குப் பதினைந்து முடிகிறது. விழாவில் ஞானத்தகப்பனோடு ஒரு நடனம் ஆட வேண்டும், இப்போது யார் ஆடுவது என்று வீட்டில் பெரிய குழப்பம். என்னால்தான் இப்படி ஆயிற்று என்று ஏதி அழுகிறாள். நான் மறுக்கவில்லை. நசாரியோ போட்டைத் தொட்டியில் முக்கிக் கொன்றது நான்தான், வேறு யாருக்கும் அதில் பங்கு இல்லை. எங்கே கையெழுத்துப் போட வேண்டும் என்று காட்டுங்கள்.

உங்கள் கையில் இருக்கிற அந்தக் காகிதம் மெரிதாவிலிருந்து வந்ததா? தேங்காய் எண்ணெய் துளியும் இல்லை என்று போட்டிருக்கிறார்களா? நான் தேய்த்த தேய்ப்பு அப்படி. இன்னொரு தடவை வாசியுங்கள், வக்கீலம்மா. மோட்டார் எண்ணெயா? போன வருஷப் பாட்டிலிலும் அதேதானா?

மோட்டார் பழசு, கொஞ்சம் ஒழுகும். அதனால்தான் தினம் சாயங்காலம் அதைத் துடைத்து வைக்கிறேன். துணியைப் பின்னே எங்கே அலசுவது, கீழே கடைசிப் படியில் உட்கார்ந்துதான் அலசுவேன். ஆனால் ஒன்று சொல்கிறேன், குறித்துக்கொள்ளுங்கள். மூன்று நிமிடம் ஷவரில் நிற்காமல் நான் ஒரு நாளும் அந்தத் தண்ணீரில் கை வைத்ததில்லை.