கிழிபாறைக்கு நாளை வெடி வேண்டாம்

பாதைக் கமிட்டியின் தலைமைப் பொறுப்பைத் தோளில் தாங்கி, இந்தப் பந்தலின் நடுநாயகமாக வீற்றிருக்கும் வேதமுத்து ஐயா அவர்களே! வள்ளியூரிலிருந்தும் திசையன்விளையிலிருந்தும் வண்டி கட்டி வந்திருக்கும் வியாபாரப் பெருமக்களே! வெயிலை முந்தானையால் தடுத்து நிற்கும் தாய்மார்களே! அந்தத் தாய்மார்களின் முன்வரிசையில் அமர்ந்திருக்கும் என் கூடப்பிறவாத் தங்கை ஷரீபா பீவியே! உங்கள் அனைவருக்கும் கருப்பட்டி வியாபாரி சத்தியநேசனின் பணிவான வணக்கம்.

மேடைக்கு ஒருவன் மாலையோடு வருவான்; நான் கயிற்றோடு வந்திருக்கிறேன். ஏன் என்று பின்னால் சொல்லுகிறேன்.

நாளைக் காலை எட்டு மணிக்கு, அதோ தெரிகிறதே கிழிபாறை, அதற்கு வெடி வைப்பதாகத் தண்டோரா போட்டுவிட்டார்கள். பிளவை அகலப்படுத்தினால் வண்டி போகலாமாம். சந்தைக்கு மூன்று மைல் மிச்சமாம். மிச்சம் எனக்குப் பிடிக்காதா? தலைச்சுமையில் தொடங்கி ஏழு வண்டிக்கு வந்தவன் நான். ஆனாலும் கேட்கிறேன். அங்கே பிளந்து கிடப்பது பாறை மட்டுமா? பாறைக்குள்ளே பொழுதும் அல்லவா பிளந்து கிடக்கிறது!

"கதை விடாதீரும் அண்ணாச்சி!" என்கிறார் பின்னால் ஒருவர். கதையா? பிச்சைக்கண்ணு எங்கே? எழுந்திரும் வே, எல்லோரும் பார்க்கட்டும். நமக்கெல்லாம் சவரம் செய்கிற இவர், தம் முகத்தையும் வழுவழு என்று மழித்துக்கொண்டு அந்தப் பிளவுக்குள் நுழைந்தார். நாங்கள் வாயில் போட்ட வெற்றிலை சிவக்குமுன் அந்தப் பக்கம் வந்துவிட்டார். முகத்திலே மூன்று நாள் தாடி! உதடெல்லாம் வெடிப்பு! "தண்ணி குடுங்கலே, மூணு நாளா நடக்கேன்" என்று விழுந்தார். உண்டா இல்லையா?

"உண்டு அண்ணாச்சி! அன்னிக்குக் கத்தி புடிச்ச கை இன்னும் நடுங்குது!"

கேட்டீர்களா? இனி அவரிடம் சவரத்துக்கு உட்காருகிறவர்கள் கொஞ்சம் யோசித்து உட்காருங்கள்.

சிரித்துவிட்டீர்கள். நானும் சிரித்தேன், ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எட்டாம் வருஷம் தை மாதம் வரைக்கும்.

பிளவுக்குள் பொழுது சிலருக்கு ஓடுகிறது, சிலருக்கு உறைகிறது என்பதால்தான் நம் சுமைக்காரர்கள் ஒரு வழக்கம் வைத்திருந்தார்கள். போகிறவன் இடுப்பிலே பச்சைப் பனைநார்க் கயிறு. மறுநுனி வெளியே நிற்பவன் கையிலே. கயிறு ஓடினால் விட்டுக்கொடு. கயிறு தயங்கினால் அந்தக் கணமே இழு. கட்டி வைக்காதே, கையை எடுக்காதே. எழுதாத சட்டம், ஆனால் ஆளைக் காத்த சட்டம்.

அந்தத் தை மாதம் என் வியாபாரப் பங்காளி முகம்மது சுல்தான் தலையில் கருப்பட்டிப் பெட்டியோடு உள்ளே போனான். நான் கயிறு பிடித்தேன். "நாரை விட்டுராதீரும் வே," என்றான். "போம் வே, சந்தை கலைஞ்சிரும்," என்றேன். அதுதான் நான் அவனிடம் கடைசியாகப் பேசியது.

அந்த நேரம் பார்த்து ஒரு கொள்முதல்காரர் வந்தார். நான் என்ன செய்தேன்? கயிற்றைப் புளியமர வேரிலே கட்டிவிட்டுப் பேரம் பேசப் போனேன்! திரும்பி வந்தேன், கயிறு நின்றிருந்தது. இழுத்தேன், மலையை இழுத்தது போல இருந்தது. பத்துப் பேர் சேர்ந்து இழுத்தோம். ஒரு நூல் அசையவில்லை. பெரியோர்களே, பிறர் குற்றம் சொல்ல நான் இந்த மேடை ஏறவில்லை. என் குற்றம் சொல்ல ஏறினேன்.

"செத்தவனுக்கு ஏன் இந்தப் பாடு?" என்கிறீர்களா? யார் செத்தவன்? நாலு வருஷமாக அந்தக் கயிற்றை அளந்து வருகிறேன். வெளியே கிடக்கிற நார் வெயிலில் வெளுத்துப் போயிற்று. பிளவுக்குள் எட்டிப் பாருங்கள், அதே கயிறு இன்னும் பச்சையாக, ஈரமாக இருக்கிறது! மாதத்துக்கு ஒரு விரற்கடை உள்ளே போகிறது. செத்தவன் கயிற்றை இழுப்பானா? நடக்கிறான் ஐயா! நமக்கு நாலு வருஷம். அவனுக்கு இன்னும் இரண்டு எட்டு முடியவில்லை. அந்தப் பக்கம் வர மிச்சம் ஐந்து முழம். பத்து வருஷத்தில் வந்துவிடுவான்.

சொந்தக்காரர்கள் சுல்தானின் மனைவி இந்த ஷரீபா பீவியை, கணவனை இழந்தவள் வீட்டோடு இருக்க வேண்டிய நாலு மாதம் பத்து நாள் இத்தா இருக்கச் சொன்னார்கள். என்ன சொன்னாள் தெரியுமா? "அவுக நடந்துக்கிட்டிருக்காவ. நடக்குற ஆளுக்கு யாராவது இத்தா இருப்பாகளா?"

இந்தக் கேள்விக்குப் பதில் வைத்துக்கொண்டு வெடி வையுங்கள்! திரி எரிந்து முடிவது அவனுக்குக் கண் இமைக்கிற நேரம்கூட இல்லை. தூக்கிய காலை ஊன்றுமுன் பாறை அவன் தலையில் இருக்கும். அதோடு போகுமா? கிழிந்த துணியை இழுத்தால் கிழிசல் சேருமா, நீளுமா? அது நீண்டு நம் தெருவுக்குள் வந்தால், தாய்மார்களே, நீங்கள் இன்று வைத்த உலை எந்தத் தலைமுறைக்குச் சோறாகும்? பள்ளிக்கு அனுப்பிய பிள்ளை என்ன வயசில் வீடு திரும்பும்? நினைத்தால் எனக்குத் தூக்கம் இல்லை. இதைச் சொல்ல வெட்கமும் இல்லை.

பாதை வேண்டாம் என்று சொல்லவில்லை. என் பனைவிளையின் தெற்கோரம் நெடுகப் பன்னிரண்டடி அகலம் தருகிறேன். இன்றே எழுதித் தருகிறேன். பாதை சுற்றிப் போகட்டும். மூன்று மைல் கூடினால் மாடு கொஞ்சம் மூச்சு வாங்கும், அவ்வளவுதானே?

எனக்கு அறுபத்தொன்று. எழுபத்தொன்றில் இந்தக் கைக்குப் பிடி இருக்குமோ, இருக்காதோ. அதுதான் என் பயம்.

தலைவர் அவர்களே, இந்தக் கயிறு, பாறையில் கிடக்கும் அந்த நாரோடு முடிச்சுப் போட்டு இந்த மேடை வரைக்கும் நீட்டியது. இதன் மறுமுனை சுல்தான் இடுப்பில் இருக்கிறது. பேசிப் பேசித் தொண்டை வறண்டுவிட்டது; நான் இறங்கித் தண்ணீர் குடிக்க வேண்டும். அதுவரைக்கும் கொஞ்சம் பிடியுங்கள் ஐயா. கூச்சப்படாதீர்கள், கனமில்லை. இரண்டு கையாலும் பிடியுங்கள். ஆம், அப்படித்தான். தெரிகிறதா, உள்ளே மெல்ல ஓர் இழுப்பு?

தெரிகிறது என்று தலைவர் தலையசைக்கிறார், பெரியோர்களே!

இனி விடுவதும் பிடிப்பதும் அவர் கையில். பொறுமையோடு கேட்ட உங்களுக்கும், உள்ளே நடந்து வருகிற அவனுக்கும் என் நன்றியும் வணக்கமும்.