மூக்கில் விழுந்த நிழல்

டீ குடித்துக்கொண்டிருப்பவரை நான் அவசரப்படுத்தியதில்லை. இயக்குநர்களில் அது அபூர்வம் என்று லைட்மேன்களே சொல்வார்கள். சங்கத்திலிருந்து விசாரிக்க வந்த நீங்களும் நிதானமாகக் குடியுங்கள்.

எங்கள் தொடரில் அழுகிற அம்மா வேடம் என் சொந்த அக்காவுக்கு. டிவியில் ஓடிய காலத்தில் கிளிசரின் போட்டுக்கொண்டு எபிசோடு முழுக்க அழுவாள். பார்க்கிறவர்கள் பாத்திரமும் கழுவிக்கொள்வார்கள். யாருக்கும் நஷ்டமில்லை. பிறகு தொடர் செயலிக்குப் போனது. செயலிக்காரர்கள் ஒரு நிபுணரை அனுப்பினார்கள். ‘உணர்வுப் பயண வடிவமைப்பாளர்’ என்று பட்டம். ஜனங்கள் எந்த நொடியில் எழுந்து போகிறார்கள் என்பதைத் திரையில் ஒரு கோடாகப் போட்டுக் காட்டினார். அக்கா அழத் தொடங்கியதும் கோடு குப்புற விழுந்தது.

ஒரே ஓர் அழுகையில் மட்டும் விழவில்லை. அதை எடுத்த அன்று ஷாட்டுக்கு முன்னால், அவள் வளர்த்த பூனை செத்துப்போனதை நான் வாய் தவறிச் சொல்லியிருந்தேன்.

அதன்பிறகு என் வாய் தவறவே இல்லை. கேமரா தயாரானதும் பக்கத்தில் உட்கார்ந்து ஏதாவது ஒரு உண்மையைச் சொல்வேன். அவளைப் பற்றி அவள் மகன் என்னிடம் சொன்னது. எங்கள் அம்மா அவளைக் கடைசிவரை மன்னிக்காதது.

“ஏன்டா இதையெல்லாம் இப்பப் போய்ச் சொல்ற?” என்பாள்.

கேமரா ஓடிக்கொண்டிருக்கும். கோடு நிமிர்ந்தது. அக்காவின் நடிப்பு முதிர்ந்துவிட்டதாக எழுதினார்கள். நிபுணருக்கு விருது கொடுத்தார்கள். என்னிடம்தான் உண்மைகள் தீர்ந்துபோயின.

தளத்தில் எல்லோருடைய போனும் என் பையில்தான் இருக்கும். அன்று மதியம் அக்காவின் போனில் அத்தான் கூப்பிட்டார், மருத்துவமனையிலிருந்து.

“மாப்ள, நெஞ்சு ஒரு மாதிரி பண்ணுது. ஆபரேஷன்னு சொல்றாங்க. உள்ள போறதுக்குள்ள அவகிட்ட ஒரு வார்த்தை பேசிடுறேனே.”

“ஷாட்ல இருக்கா அத்தான். முடிஞ்சதும் தர்றேன்.”

ஷாட் இன்னும் தொடங்கவே இல்லை. அக்காவின் மூக்கில் நிழல் விழுந்துகொண்டிருந்தது. லைட்டைச் சரிசெய்ய நேரம் பிடித்தது. அத்தான் இன்னொரு முறை கூப்பிட்டார். நான் எடுக்கவில்லை. மூன்றாவது தடவை பேசியவர் ஒரு நர்ஸ்.

நிழல் சரியாகிவிட்டிருந்தது. அக்காவின் பக்கத்தில் உட்கார்ந்தேன். அத்தான் கூப்பிட்டதை முதலில் சொன்னேன்.

“போனக் குடுடா” என்று கை நீட்டினாள்.

“அவர் இனிமே எடுக்க மாட்டார்க்கா” என்றேன்.

எனக்குத் தூக்கம் போய்விட்டது. அவள் என்னோடு பேசுவதில்லை. கடைசியாக அவர் சொல்ல நினைத்ததை அவளுக்குக் கிடைக்காமல் செய்தவன் நான்தான். அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் எடிட்டிங்கில் அந்த முகத்தில் ஒரு நொடியைக்கூட வெட்ட நான் விடவில்லை. கூடப் பிறந்தவளுக்கு அந்த மரியாதையாவது செய்ய வேண்டாமா?