பித்தளைப் பானைக்குள் விரித்த பை

முத்துமாரியம்மாள், வயது 63, காலஞ்சென்ற உக்கிரபாண்டியின் மனைவி, எம். புதுப்பட்டி, மேலத்தெரு. ஐந்தாம் வகுப்பு வரை படித்திருக்கிறேன். 10-11-1966 வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு, சர்க்கார் ஆஸ்பத்திரி பெண்கள் வார்டில், ஏட்டு சீனிவாசகம் கேட்க நான் சொன்னதாவது:

மேற்படி விலாசத்தில் ஏழு வருஷமாகத் தனியாகக் குடியிருக்கிறேன். என் ஒரே மகன் சோலைமலை விருதுநகரில் மிளகாய் மண்டியில் வேலை பார்க்கிறான். சென்ற ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மருமகளோடும் பேரப்பிள்ளைகள் இருவரோடும் வருவதாகக் கார்டு எழுதியிருந்தான். என்னைப் போல ஆட்டுக்கால் குழம்பு வைக்க எங்கள் பக்கத்தில் ஆள் கிடையாது. உமி அடுப்பில் ஐந்து மணி நேரம் நிதானமாக வேக வேண்டும். மண்சட்டி ஐந்து பேருக்குக் காணாது என்பதால் பரணிலிருந்து பித்தளைப் பானையை இறக்கினேன். அதில் பூசியிருந்த ஈயம் தேய்ந்துபோயிருந்தது. ஈயம் பூசுகிறவர் இரண்டு மாதமாக ஊருக்குள் வரவில்லை. வெறும் பித்தளையில் புளி பட்டால் களிம்பு ஏறும் என்பது எனக்குத் தெரியும்.

அடுத்த வீட்டு வள்ளித்தாய் பட்டாசுக் கம்பெனியில் வேலை செய்கிறாள். அங்கே பட்டாசு மருந்து வருகிற தகர டிரம்முக்குள், மருந்து தகரத்தில் படாமல் இருக்க ஒரு பிளாஸ்டிக் பை விரித்திருப்பார்கள். காலியான பை ஒன்றை, என் வரட்டி மழையில் நனையாமல் மூடுவதற்காகக் கொண்டுவந்து கொடுத்தாள். கொடுக்கும்போதே, “அத்தே, உள்ள மருந்துத்தூள் நிக்கும். சோத்துப் பக்கம் கொண்டுபோயிராதீக” என்றாள். “எனக்கே புத்தி சொல்ல வந்துட்டியாக்கும்” என்றேன்.

தகரத்தில் மருந்து படாமல் காக்கிற பை, பித்தளையில் புளி படாமலும் காக்கும் என்று எண்ணி, அதைச் சீயக்காய் போட்டு மூன்று தரம் கழுவி, பானைக்குள் விரித்து, விளிம்பில் மடித்துக் கட்டி, காலை ஏழு மணிக்கு அடுப்பில் ஏற்றினேன். அதன் பிறகு ஐந்து தட்டுகளைக் கழுவிக் கவிழ்த்தேன். பன்னிரண்டு மணி பஸ்ஸில் அவர்கள் வரவில்லை. அதன் பிறகு இரண்டு மணி பஸ்ஸிலும் வரவில்லை.

அப்போது வள்ளித்தாய் சுவருக்கு மேலே எட்டிப் பார்த்து, “என்னத்தே, தெருவே மணக்குது! மகன் வந்ததும் எங்கள மறந்துட்டீகளோ?” என்றாள். அவளுக்கு மூன்று பிள்ளைகள். ஒரு கிண்ணம் கொடுத்திருக்க வேண்டும். மகன் வரவில்லை என்பது அவளுக்குத் தெரிந்துபோகும் என்று, “பேரப்பிள்ளைக தூங்குதுக, சத்தம் போடாத” என்று சொல்லிக் கதவைச் சாத்தினேன். கொடுத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதை இப்போது நினைத்துப் பார்க்கிறேன்.

அதன் பிறகு மூன்று மணிக்கு ஒரு தட்டை நிமிர்த்திப் போட்டுச் சாப்பிட்டேன். பை இளகிப் பானையின் அடியில் ஒட்டியிருந்ததைப் பார்த்தேன். ஒதுக்கிவிட்டுத்தான் சாப்பிட்டேன். பொழுது சாயும்போது வாந்தியும் பேதியும் கண்டது. அதன் பிறகு கால் இரண்டும் அசையவில்லை. திங்கட்கிழமை விடிந்ததும் அடுப்புக்குக் கங்கு வாங்க வந்த வள்ளித்தாய் பார்த்து, அன்றைக்கு வேலைக்குப் போகாமல் மாட்டு வண்டி பிடித்து இங்கே சேர்த்தாள்.

செவ்வாய்க்கிழமை மகன் வந்தான். “லோடு வந்துருச்சும்மா, கார்டு போடக்கூட நேரமில்ல” என்றான். அதன் பிறகு, என்ன சாப்பிட்டேன் என்று கேட்டான். ஐந்து பேருக்கு ஆக்கி வைத்துக்கொண்டு வாசலைப் பார்த்து உட்கார்ந்திருந்ததை அவனிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. “வள்ளித்தாய் கொடுத்த குழம்பு” என்றேன். அவன் போலீஸ் ஸ்டேஷனில் அவள் மேல் புகார் எழுதிக் கொடுத்துவிட்டான். நேற்றிலிருந்து அவளை அங்கே உட்கார வைத்திருப்பதாக நர்ஸ் கனகமணி சொன்னார்.

அதன் பிறகுதான் பை விஷயத்தை அவரிடம் சொன்னேன். “எம்புட்டுக் கழுவினாலும் அந்த மருந்து மடிப்புக்குள்ள நிக்கும் பாட்டி, புளியோட கொதிச்சா குழம்புல இறங்கிரும். மருந்து படாத பையா இருந்தாலும் இதெல்லாம் அடுப்புல ஏத்துறதுக்கு ஆனதில்ல” என்றார்.

வள்ளித்தாய் எனக்கு எந்தக் குழம்பும் கொடுக்கவில்லை. பையை விரித்தது நான். பொய் சொன்னதும் நான். மகன் வார்டு வாசலில் நிற்கிறான். அவன் காதில் விழும்படியே இதைச் சொல்கிறேன்.

ஏட்டு எழுதியதை வாங்கி நானே வாசித்தேன். நான் மகனிடம் பொய் சொன்ன இடத்தில், “மயக்கத்தில் தவறுதலாகச் சொல்லிவிட்டேன்” என்று எனக்காக இரக்கப்பட்டு எழுதியிருந்தார். அதை அடித்துவிட்டு, “நல்ல நினைவோடு, தெரிந்தே சொன்னேன்” என்று எழுதச் சொன்னேன். அப்படியே எழுதினார். மற்றதெல்லாம் நான் சொன்னபடியே இருக்கிறது, நடந்தபடியே இருக்கிறது.

(ஒப்பம்) உ. முத்துமாரியம்மாள்