தெர்மாகோல் மூடி

என் தம்பி எனக்குத் தர வேண்டியது ஆயிரத்து எழுநூற்று நாற்பது. தெர்மாகோல், வெள்ளை சிமெண்ட், சாயம், பிரஷ் வாங்கின செலவு. கூலி சேர்க்கவில்லை. கூடப் பிறந்தவனிடம் யாராவது கூலி கேட்பார்களா?

தம்பி ஒரு குறும்படம் எடுத்தான். பன்னிரண்டு நிமிஷம். கதை என்று எதுவும் கிடையாது. தண்ணீர்த் தொட்டி, காலி நாற்காலி, சொட்டுச் சொட்டென்று சத்தம். என் வீட்டுக்காரி பார்த்துவிட்டு, "கொழுந்தனாரே, இது குழாய் ரிப்பேர் படமா?" என்றாள். அவனே விழுந்து விழுந்து சிரித்தான்.

படம் எங்கள் தங்கச்சியைப் பற்றியது. மூன்று வயசில் வீட்டுத் தரைத்தொட்டிக்குள் விழுந்து போய்ச் சேர்ந்தாள். மூடியைத் திறந்து போட்டது ஆறு வயசுத் தம்பி என்பது வீட்டில் எல்லோருக்கும் தெரிந்த விஷயம். அவனுக்குத்தான் ஞாபகமில்லை. அம்மா சாகிறவரை அவன் கையால் ஒரு வாய் தண்ணீர் வாங்கிக் குடிக்கவில்லை.

அதே தொட்டியில்தான் படப்பிடிப்பு. தம்பியாக நடித்தது பக்கத்து வீட்டு ஆறு வயசுப் பயல். முக்கினான், முனகினான், காங்கிரீட் மூடி அசைந்து கொடுக்கவில்லை. தம்பி கேமராவை விட்டு எழுந்தான்.

"அண்ணே, இதை நான் எப்படித் தூக்கினேன்?"

"அப்பல்லாம் நீ நல்லா சாப்பிடுவடா."

எல்லோரும் சிரித்தார்கள். அவன் மட்டும் மூடியையே பார்த்துக்கொண்டு நின்றான்.

பூச்சு வேலையில் முப்பது வருஷம் தேய்ந்த கை இது. மறுநாளே தெர்மாகோலில் மூடி செய்துகொண்டு போனேன். மேலே சிமெண்ட், ஓரத்தில் பாசி, நடுவில் அந்தப் பழைய விரிசல்கூட. பயல் ஒரே கையால் தூக்கினான். தம்பி என்னைக் கட்டிக்கொண்டு அழுதான்.

"இப்பதான்ணே ஞாபகம் வருது. நான்தான் தூக்கினேன்."

அன்றைக்கு மூடியைத் திறந்தவன் நான். அப்போது எனக்குப் பதினாலு வயசு. கலவை குழைக்கத் தண்ணீர் மொண்டேன், மூட மறந்தேன். கேட்டபோது சின்னவன் பக்கம் கையைக் காட்டினேன். சின்னப் பிள்ளையை யாரும் அடிக்க மாட்டார்கள் என்று நல்லெண்ணத்தில்தான்.

படத்துக்குப் பரிசு கிடைத்தது. "நான் செஞ்சதை எனக்கு ஞாபகப்படுத்தினது எங்க அண்ணன்" என்றான் மேடையில். கை வலிக்கத் தட்டினேன். கீழே இறங்கி வந்தவன் பரிசுக் கவரைப் பிரித்து, மூடிக்கான காசை எண்ணி நீட்டினான்.

"வெச்சுக்கடா," என்றேன்.

அண்ணன் தம்பிக்குள் என்ன கணக்கு? மொத்தத்தையும் தள்ளுபடி செய்துவிட்டேன். இனி அவன் எனக்கு எந்தக் கடனும் தர வேண்டியதில்லை.